வெள்ளை வாத்து என்றால் எந்த வாத்து?

மினசோட்டாவில் இருக்கும் என் சித்தப்பா மகன் போன கோடையில் ஒரு பழைய மோட்டார் படகு வாங்கினான். வாங்கிய கையோடு ஏரியில் இறக்கி, மீன் பிடித்து, போட்டோவாக அனுப்பித் தள்ளினான். அப்புறம் ஒரு நாள் போனில் ஒரே புலம்பல். ரோந்து வந்த அதிகாரி படகை நிறுத்தச் சொல்லி, முன்பக்கம் ஒட்டியிருந்த பதிவு எண்ணைப் பார்த்துவிட்டு, இப்படி இருந்தால் செல்லாது, மாற்றி ஒட்டு என்று எச்சரித்து அனுப்பிவிட்டாராம். எண் சரியானதுதான். பணமும் கட்டியிருக்கிறான், காகிதமும் கையில் இருக்கிறது. ஆனால் படகை விற்றவர் அந்த எண்ணைச் சாய்வெழுத்தில், நிழல் விழுகிற மாதிரி அலங்காரமாக, கறுப்புப் படகின் மேல் கருநீலத்தில் ஒட்டி வைத்திருந்தார். எழுத்துக்கும் இலக்கத்துக்கும் நடுவே இடைவெளியும் விடவில்லை.

"ஸ்கேல் வச்சு அளக்குறாங்கண்ணா. நம்ம ஊர் ஏரியில எவன் நம்பரைப் பார்க்குறான்?" என்றான்.

பேச்சுவாக்கில் சொன்னதுதான். ஆனால் எனக்கு அந்தக் கேள்வி நெஞ்சில் முள்ளாகத் தங்கிவிட்டது. நான் இருப்பது ஊட்டியில். நம் ஊர் ஏரிக்கரையில் ஒரு நம்பருக்காகத் தவித்த ஒரு அம்மாவை நான் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். அதைச் சொல்வதற்கு முன்னால், அவன் கோபத்தில் அனுப்பிய விதிகளைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். அவனுக்கு எரிச்சலாக இருந்தது எனக்குப் படிக்கப் படிக்கப் பிடித்துப்போய்விட்டது.

மூன்று அங்குலம்

அமெரிக்காவில் படகில் மோட்டார் இருந்தால் பதிவு எண் வேண்டும். பதிவு செய்து கொடுப்பது மாநிலங்கள், ஆனால் எண்ணை எப்படி எழுதிக் காட்டுவது என்பதற்கு நாடு முழுக்க ஒரே அடிப்படை விதி. படகின் முன்பாதியில், இரண்டு பக்கமும் இருக்க வேண்டும். எழுத்தின் உயரம் 3 அங்குலத்துக்குக் குறையக் கூடாது. அலங்காரம் இல்லாத, நேராக நிற்கிற பட்டை எழுத்து. படகின் நிறத்திலிருந்து பளிச்சென்று பிரிந்து தெரிகிற நிறம். எந்தப் பக்கம் நின்று பார்த்தாலும் இடமிருந்து வலமாகப் படிக்க வர வேண்டும். முதலில் மாநிலத்துக்கான இரண்டெழுத்து, நடுவில் இலக்கங்கள், கடைசியில் மறுபடி எழுத்து. இவற்றுக்கு நடுவே ஓர் எழுத்து அகலத்துக்கு இடைவெளியோ சிறு கோடோ விட வேண்டும். கடைசியில் வரும் எழுத்துகளில் ஐ, ஓ, க்யூ மூன்றும் வராது. ஒன்று என்றும் பூஜ்யம் என்றும் யாராவது படித்துவிடுவார்கள் என்பதால் ஒதுக்கி வைத்திருக்கிறார்கள்.

ஸ்டிக்கருக்கும் கணக்கு உண்டு. பதிவு காலாவதியாகவில்லை என்று காட்டும் ஸ்டிக்கர் சுமார் 3 அங்குலச் சதுரம். எண்ணிலிருந்து 6 அங்குலத்துக்குள் ஒட்ட வேண்டும். எண்ணுக்கு முன்னாலா பின்னாலா என்பது மாநிலத்துக்கு மாநிலம் மாறும். மத்திய விதிப்படி ஸ்டிக்கர் எந்த வருடம் முடிகிறது என்பதை நிறமே சொல்லிவிடும்: நீலம், ஆரஞ்சு, பச்சை, சிவப்பு, மறுபடி நீலம். 1973இல் தொடங்கிய வரிசை. தண்ணீரில் ஆடிக்கொண்டிருக்கிற படகில் பொடி எழுத்தில் அச்சடித்த தேதியை யாரும் படிக்க முடியாது, நிறத்தைப் படிக்கலாம். இது தவிர, படகு செய்யும்போதே பின்பலகையின் வலது மேல் மூலையில் 12 எழுத்துகளும் இலக்கங்களுமாக ஒரு அடையாள எண் பதித்துவிடுகிறார்கள். அதையே இன்னொரு தரம் கண்ணில் படாத ஓர் இடத்திலும் பதிக்கிறார்கள். வெளியே இருப்பதைச் சுரண்டிவிட்டுத் திருட்டுப் படகை விற்றாலும் உள்ளே இருப்பது காட்டிக் கொடுத்துவிடும்.

இதையெல்லாம் படித்தபோது ஒன்று புரிந்தது. படகின் சொந்தக்காரருக்குத் தன் படகு எது என்று தெரியும், அவருக்கு நம்பர் தேவையில்லை. அந்தப் படகை முன்பின் பார்த்திராத ஒருவர், தூரத்திலிருந்து, அவசரத்தில், ஒரே பார்வையில் படித்து இன்னொருவருக்குச் சொல்ல வேண்டும். விதியில் இருக்கிற ஒவ்வொரு வரியும் அந்த ஆளுக்காக எழுதியது. சாய்வெழுத்து அழகாக இருந்து அவருக்கு என்ன பயன்?

இன்னொரு விஷயம்தான் என்னை ரொம்பத் தொட்டது. துடுப்பு போட்டு ஓட்டும் சிறு படகுகளுக்கு அங்கேயும் பல மாநிலங்களில் பதிவு எண் தேவையில்லை. ஆனால் ஆளில்லாமல் மிதந்து வருகிற ஒரு சின்னப் படகைப் பார்த்தால் கடலோரக் காவல் படை என்ன செய்யும்? கயிறு அவிழ்ந்து தானாக வந்ததா, உள்ளே இருந்தவர் தண்ணீரில் விழுந்துவிட்டாரா என்று தெரியாது. அது தெரியும்வரை, விழுந்துவிட்டார் என்று வைத்துக்கொண்டுதான் தேட வேண்டும். அதற்காகவே, 'இந்தப் படகைக் கண்டால் இவரைக் கூப்பிடுங்கள்' என்று பெயரும் போன் நம்பரும் எழுதிக்கொள்கிற ஸ்டிக்கர் ஒன்றைக் கொடுக்கிறார்கள். சட்டம் கட்டாயப்படுத்தவில்லை, ஒட்டிக்கொள்ளுங்கள் என்று கேட்டுக்கொள்கிறார்கள். அந்த நம்பருக்குப் போட்டு, "நான் வீட்டில்தான் இருக்கிறேன், கயிறு அவிழ்ந்துவிட்டது போல" என்று பதில் வந்தால் தேடுகிறவர்கள் திரும்பிவிடலாம். யாரும் எடுக்கவில்லை என்றால் தேட வேண்டிய ஆள் யார் என்றாவது தெரியும்.

மைக்கில் கூப்பிடுகிற நம்பர்

நம் நாட்டில் சட்டம் இல்லாமல் இல்லை. ஆறு, ஏரி, கால்வாய்களில் ஓடும் நீராவிப் படகுகளுக்கு 1917இலேயே சட்டம் வந்துவிட்டது. அமெரிக்கா மோட்டார் படகுகளுக்கு எண் கொடுக்கச் சட்டம் போட்டது 1918இல், நமக்கு ஒரு வருடம் பின்னால். அந்தப் பழைய சட்டத்தை எடுத்துவிட்டு, 2021இல் உள்நாட்டுக் கலங்கள் சட்டம் என்று புதிதாகக் கொண்டுவந்து, ஒரு மாநிலத்தில் செய்த பதிவு நாடு முழுக்கச் செல்லும் என்று ஆக்கினார்கள். பதிவுக் குறியீடு படகில் எடுப்பாகத் தெரிய வேண்டும் என்பதும் அதில் உண்டு. கடல் பக்கம் இன்னும் கறார். 2008இல் மும்பையைத் தாக்கியவர்கள் குபேர் என்ற மீன்பிடிப் படகைக் கடத்தித்தான் வந்தார்கள். அதன் பிறகு மீன்பிடிப் படகுகளுக்கு நாடு முழுக்க ஒரே மாதிரிப் பதிவு. ராமேஸ்வரத்திலோ தூத்துக்குடியிலோ படகின் பக்கவாட்டைப் பார்த்தால் ஐ.என்.டி., டி.என். என்று தொடங்கும் நீள நம்பர் தெரியும். நடுவில் எம்.எம். என்று இருந்தால் விசைப்படகு.

மலை ஏரிகளில் ஓடுகிறவற்றில் நிறையப் படகுகள் பெடல் போட்டும் துடுப்பு போட்டும்தான். இயந்திரம் இல்லாததால் பதிவு, ஆய்வு, சான்றிதழ் எல்லாம் இவற்றைத் தொடாமல் போய்விடுகின்றன. 2021 சட்டத்தில் மோட்டார் இல்லாத படகுகளுக்கும் ஒரு பகுதி ஒதுக்கி, அவற்றைப் பதிந்துகொள்ளும் வேலையை மாநில அரசு உள்ளாட்சிகளிடம் கொடுக்கலாம் என்று வைத்திருக்கிறார்கள். வழி இருக்கிறது. நடந்து பழகவில்லை.

அப்படியென்றால் நம் பெடல் போட்டில் நம்பரே இல்லையா? உண்டு. படகு சவாரிக்குப் போன எல்லோருக்கும் அந்த மைக் சத்தம் காதில் இருக்கும். "நாற்பத்தேழாம் நம்பர் போட், டைம் முடிஞ்சிருச்சு, கரைக்கு வாங்க. நாற்பத்தேழு, திரும்பி வாங்க." நம்பர் இருப்பது இதற்காகத்தான். வாடகை நேரம் தாண்டினால் கூடுதல் பணம் வாங்க வேண்டும், அதற்குக் கவுன்ட்டரில் ஒரு கணக்கு வேண்டும். அதனால்தான் அது படகின் முன்பக்கம் இருப்பதில்லை. சீட்டுக்குப் பின்னால் இருக்கும், அல்லது உட்கார்ந்திருப்பவர் கண்ணில் படுகிற மாதிரி உள்பக்கம் இருக்கும். தன் நம்பரைக் கூப்பிடுகிறார்கள் என்று உள்ளே இருப்பவருக்குத் தெரிந்தால் போதும் என்ற கணக்கு. கரையில் நிற்பவரைப் பற்றி அந்த நம்பரை எழுதச் சொன்னவர் நினைக்கவே இல்லை.

அன்றைக்கு

ஆடி மாதத்துச் சாயங்காலம். ஊரிலிருந்து வந்த உறவுக்காரர்களைக் கூட்டிக்கொண்டு நீலகிரியில் ஒரு படகுத்துறைக்குப் போயிருந்தோம். எது என்பது இங்கே முக்கியமில்லை. எங்கள் சவாரி முடிந்து, சுடச்சுட மிளகாய் பஜ்ஜி வாங்கிக்கொண்டு நின்றிருந்தோம். எங்கள் மலையில் மூடுபனி எப்படி இறங்கும் என்று இங்கே இருப்பவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. எதிர்க்கரைக் கற்பூர மரங்கள் முதலில் போயின. அப்புறம் ஏரியின் பாதி போயிற்று. பஜ்ஜி ஆறுவதற்குள் துறையின் மரப்பலகைக்கு அந்தப் பக்கம் ஒன்றும் தெரியவில்லை. மைக்கில் வரிசையாக நம்பர்களைக் கூப்பிட்டார்கள். சில படகுகள் சத்தம் வந்த பக்கம் பார்த்து வந்து சேர்ந்தன.

ஈரோட்டுப் பக்கத்து அம்மா ஒருவர் துறையில் நின்றிருந்தார். மாமனாரும் பையனும் படகில் போயிருக்கிறார்கள், இவர் தண்ணீர் பயத்தில் ஏறவில்லை.

"ஏனுங்க, என்ற பையன் போன போட்டு இன்னும் வரலீங்க."

"எந்த போட்டும்மா?"

"வெள்ளை வாத்துங்க."

"எல்லாமே வெள்ளை வாத்துதாம்மா. நம்பர் சொல்லுங்க."

"சீட்டு மாமாகிட்ட இருக்குதுங்க."

கவுன்ட்டர் நோட்டில் நம்பரும் கிளம்பிய நேரமும் மட்டும்தான் இருந்தன. பெயர் இல்லை. வெளியே இருந்த நம்பர்களில் இவருடையது எது என்று சொல்ல வழியில்லை. அந்த அம்மா சட்டென்று போனை எடுத்தார். பையன் படகில் ஏறி உட்கார்ந்ததும் எடுத்த போட்டோ. இரண்டு விரலால் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தார், நாங்களும் எட்டிப் பார்த்தோம். ஆரஞ்சு லைஃப் ஜாக்கெட்டில் பல் தெரியச் சிரிக்கிற பையன், தொப்பி போட்ட தாத்தா, வாத்தின் கழுத்து, வாத்தின் நெஞ்சில் ஒரு சாக்லேட் விளம்பர ஸ்டிக்கர். நம்பர் மட்டும் எங்கேயும் இல்லை.

அந்த நேரம் பார்த்து ஒரு படகு வந்து முட்டியது. அதிலிருந்து இறங்கிய ஒரு கல்லூரிப் பையன், யார் என்ன மனநிலையில் நிற்கிறார்கள் என்று தெரியாமல், "அண்ணா, அங்க கோரை ஓரமா ஒரு வாத்து போட்டு தனியா நிக்குது, உள்ள ஆளே இல்ல" என்றான்.

"நம்பர் என்ன?"

"மஞ்சள்ல என்னமோ போட்டிருந்துச்சுண்ணா. அம்பத்து மூணோ, அம்பத்து எட்டோ."

அந்த அம்மா அப்படியே பலகையில் உட்கார்ந்துவிட்டார். நோட்டில் ஐம்பத்து மூன்றும் வெளியே இருந்தது, ஐம்பத்தெட்டும் வெளியே இருந்தது.

துறையில் வேலை செய்கிறவர்களைக் குறை சொல்ல மாட்டேன். ஒருவர் துடுப்புப் படகை எடுத்துக்கொண்டு அந்த நிமிடமே பனிக்குள் போனார். இன்னொருவர் விசில் ஊதிக்கொண்டே இருந்தார். ஆனால் தேடுவது இரண்டு பேரையா, நான்கு பேரையா, குழந்தை உண்டா, இல்லையா, ஒன்றும் தெரியாமல் தேடப் போனார்கள். ஒரு இலக்கம் சரியாகத் தெரிந்திருந்தால் அதில் பாதிக்காவது பதில் கிடைத்திருக்கும்.

கடைசியில் யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. கோரையில் நின்ற படகு வேறு ஒரு குடும்பத்தினுடையது. பெடல் செயின் கழன்று, படகு ஓரமாக ஒதுங்கவும், அவர்கள் கரையில் இறங்கி ரோடு வழியாகவே நடந்து வாசலுக்கு வந்துவிட்டார்கள். இந்த அம்மாவின் பையனும் மாமனாரும் மைக் சத்தத்தைப் பிடித்துக்கொண்டு ஐம்பத்து ஒன்றாம் நம்பர் வாத்தில் மெதுவாக மிதித்து வந்து சேர்ந்தார்கள். அம்மா பையனை அடித்தார், அப்புறம் கட்டிக்கொண்டு அழுதார்.

எல்லோரும் கலைந்த பிறகு, கட்டி இழுத்து வந்த அந்தக் காலிப் படகைப் போய்ப் பார்த்தேன். சீட்டின் பின்புறம், வெள்ளையில் மஞ்சள். அடியில் ஒரு காலத்துச் சிவப்பு எண் ஒன்று அரைகுறையாகத் தெரிந்தது. அதன் ஓரம் மஞ்சளின் ஓரத்தோடு கலந்து, மூன்றின் திறந்த பக்கத்தை அடைத்துக்கொண்டிருந்தது. கையால் தொடுகிற தூரத்தில் நின்றுதான் அது மூன்று என்று உறுதியாகச் சொல்ல முடிந்தது.

ஒரு சாண்

காந்தலில் ஒரு பெயிண்டர் அண்ணன் இருக்கிறார். லாரி, கடைப் பலகை, கோயில் சுவர் எல்லாம் எழுதியவர். சீசனுக்கு முன்னால் படகு வேலைக்கும் கூப்பிடுவார்கள். அவரிடம் இதைச் சொன்னேன். சிரிக்கவில்லை. நடக்கக் கூடியதுதான் என்பது போலத் தலையாட்டினார்.

"ஃபைபர் மேல பெயிண்ட் நேரா நிக்காது தம்பி. உப்புத்தாள் போட்டு வழவழப்பை எடுக்கணும். பிரைமர் அடிச்சு ஒரு நாள் விடணும். அப்புறம்தான் எழுத்து. நம்ம குளிருக்கும் ஈரத்துக்கும் எனாமல் இறுக இன்னும் ரெண்டு நாள் வேணும். இவங்க என்ன பண்றாங்க? படகுக்கு வாத்து மூக்கு, கண்ணு எல்லாம் பளபளன்னு வரைய வைப்பாங்க. நம்பர் கடைசி நாள் சாயங்காலம். காலையில தண்ணியில இறக்கிருவாங்க. எப்படி நிக்கும்?"

மஞ்சளைப் பற்றிக் கேட்டேன். வெள்ளைப் படகில் மஞ்சள் எழுதுவது வெயிலிலேயே கண்ணைக் கூசும் என்றார். "மூடுபனியில மொதல்ல போறது மஞ்சள். அப்புறம் வெளிர் நீலம். கறுப்புதான் கடைசிவரைக்கும் நிக்கும்." மூன்றும் எட்டும் குழம்பாமல் எழுதுவது எப்படி என்று கேட்டதற்கு, பக்கத்தில் கிடந்த அட்டையில் பென்சிலால் வரைந்தே காட்டினார். மூன்றின் தலையை வளைக்காமல் தட்டையாக இழுத்து, கழுத்தைச் சாய்வாக இறக்கி, அடியை மட்டும் வளைக்கிறார். பாதி அழிந்தாலும் அதை எட்டு என்று படிக்க முடியாது. ஏழுக்கு நடுவில் ஒரு குறுக்குக் கோடு, ஒன்றோடு சேராது. ஆறு, ஒன்பதுக்கு அடியில் கோடு, படகு கவிழ்ந்து கிடந்தாலும் தெரியும். அவர் அதைச் சாதாரணமாகத்தான் சொன்னார். எனக்குத்தான் திக்கென்றது.

உயரத்தில் மட்டும் அவர் அமெரிக்க விதியை ஏற்கவில்லை. 3 அங்குலம் பக்கத்தில் ரோந்து வருகிறவருக்குச் சரி, கரையில் நிற்கிறவருக்குப் பத்தாது, ஒரு சாணாவது வேண்டும் என்றார். அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. அங்கே படகை இன்னொரு படகு வந்து பார்க்கிறது. இங்கே படகைப் பார்க்க வேண்டியவர்கள் கரையில் காத்திருக்கும் வீட்டு ஆட்கள்.

டூவீலரில் நம்பரை வளைத்து நெளித்து எழுதினால் போலீஸ் பிடிக்கிறது. 2019 ஏப்ரலுக்குப் பிறகு வந்த எல்லா வண்டிக்கும் ஒரே மாதிரி அச்சு வைத்த உயர் பாதுகாப்பு நம்பர் பிளேட் கட்டாயம். நிலத்தில் நமக்கு இது பழகிவிட்டது. தண்ணீரில் ஏன் பழகவில்லை என்று யோசித்தால், விபத்து நடக்கும்வரை அது வெறும் விளையாட்டு என்று எல்லோரும் நினைப்பதுதான் காரணம் என்று தோன்றுகிறது. 2024 ஜனவரியில் வதோதராவின் ஹர்ணி ஏரியில் பள்ளிக்கூடச் சுற்றுலா வந்த 12 குழந்தைகளும் 2 ஆசிரியைகளும் இறந்தார்கள். அளவுக்கு மேல் ஏற்றியிருந்தார்கள். அதற்கு முந்தைய வருடம் மே மாதம் கேரளத்தின் தானூரில் 22 பேர், அங்கேயும் அளவுக்கு மேல் கூட்டம். ஹர்ணி ஒன்றும் கடல் இல்லை. ஊருக்குள் இருக்கிற, ஐஸ்கிரீம் விற்கிற, நம்முடையதைப் போன்ற ஏரிதான்.

அமெரிக்காவில் 20 அடிக்குக் குறைந்த பெரும்பாலான மோட்டார் படகுகளில் எத்தனை பேர், எவ்வளவு எடை என்று எழுதிய தகடு ஒன்றைப் படகு செய்கிறவரே பொருத்திக் கொடுக்க வேண்டும், ஓட்டுகிறவர் கண்ணில் படுகிற இடத்தில். ஒரு தகடு யாரையும் காப்பாற்றிவிடாது, அது எனக்கும் தெரியும். ஆனால் '4 பேர் மட்டும்' என்று படகின் வெளிப்பக்கம் பெரிதாக எழுதியிருந்தால், வரிசையில் நிற்கிற யாரோ ஒரு ஆசிரியையோ, தாத்தாவோ, "ஏம்ப்பா, நாலு பேர்னு போட்டிருக்கு, ஆறு பேரை ஏத்துறியே" என்று கேட்பார். கேட்பதற்கு ஒரு பிடி வேண்டும் அல்லவா?

இதையெல்லாம் படகுகளைக் குத்தகைக்கு எடுத்து நடத்துகிற ஒருவரிடம் சொன்னேன். நல்ல மனிதர், பொறுமையாகக் கேட்டார். கடைசியில், "நெஞ்சுல ஒரு சாணுக்குக் கறுப்புல நம்பர் எழுதுனா போட்டோவுல அசிங்கமா இருக்கும் சார். ஜனங்க போட்டோ எடுக்கத்தான் வர்றாங்க" என்றார். போட்டோவில் விழ வேண்டும் என்பதற்காகத்தான் கேட்கிறேன் என்றேன். படகில் ஏறுகிற ஒவ்வொரு குழந்தையையும் கரையில் இருந்து யாரோ ஒருவர் போட்டோ எடுக்கிறார். சாக்லேட் விளம்பரம் இருக்கிற அதே இடத்தில் நம்பர் இருந்தால், அந்த அம்மா அன்றைக்குப் போனைப் பார்த்தே ஐம்பத்து ஒன்று என்று சொல்லியிருப்பார். யாரும் எதையும் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டியதில்லை. அவர் யோசிக்கிறேன் என்றார்.

அவர் யோசிக்கட்டும். நான் மனு எழுதிவிட்டேன். வருகிற திங்கட்கிழமை கலெக்டர் அலுவலகத்தில் மக்கள் குறைதீர்க்கும் நாளில் கொடுக்கப் போகிறேன். கேட்டிருப்பது இவ்வளவுதான்: மாவட்டத்தில் சவாரிக்கு விடுகிற எல்லாப் படகிலும், மோட்டார் இருந்தாலும் இல்லாவிட்டாலும், முன்பக்கம் இரண்டு புறமும் ஒரு சாண் உயரத்தில், வெள்ளையில் கறுப்பு நம்பர். பக்கத்திலேயே எத்தனை பேர் என்பதும். பழைய எண்ணைச் சுரண்டி எடுத்த பிறகே புதிய எண். நம்பரைச் சுற்றி ஒரு முழத்துக்கு விளம்பர ஸ்டிக்கர் கூடாது. கடைசியாகப் பரிசோதித்த மாதத்துக்கு ஒரு ஸ்டிக்கர், வருடத்துக்கு ஒரு நிறம். டிக்கெட்டில் பாதி படகில் போகிறவரிடம், பாதி கரையில் நிற்பவரிடம். பெயிண்டர் அண்ணன் பத்து இலக்கங்களையும் ஒரு பலகையில் எழுதித் தருவதாகச் சொல்லியிருக்கிறார், அதையும் கையோடு எடுத்துப் போகிறேன். கொடைக்கானல், ஏற்காடு பக்கம் இருப்பவர்கள் உங்கள் ஏரிப் படகுகளில் நம்பர் எங்கே, எந்த நிறத்தில் இருக்கிறது என்று பார்த்து, முடிந்தால் ஒரு போட்டோவோடு திங்களுக்குள் எனக்கு அனுப்புங்கள். மனுவோடு சேர்த்துக் கொடுத்துவிடுகிறேன்.